மகளை நடிக்க அனுப்பலாமா? கானன் தேவியின் கதை சொல்லும் பாடம்

தொட்டியத்தில் ஒரு வீடு என்று வைத்துக்கொள்ளலாம். அந்த வீட்டில் பத்து வயதுப் பெண் குழந்தை. பள்ளிக்கூட ஆண்டு விழாவில் பாடினாள், ஆடினாள். ஊரார் கை தட்டினார்கள். "இவளை சினிமாவில் சேர்த்து விடுங்கள், அண்ணே" என்று யாரோ சொல்லிவிட்டுப் போனார்.

தகப்பனாருக்கு ஆசை. தாயாருக்குப் பயம். "குடும்பப் பெண்ணுக்குச் சினிமா எதற்கு?" என்பது பாட்டியின் கட்சி.

யார் சொல்வது சரி?

இதற்குப் பதில் தேடக் கல்கத்தா வரை போக வேண்டும். பிறகு திருச்சிக்கே திரும்பி வரவேண்டும்.

ஹவுராச் சிறுமி

கல்கத்தாவுக்கு எதிர்க்கரையில் இருக்கிறது ஹவுரா. அங்கே 1916-ம் ஆண்டு பிறந்தவர் கானன். சிறு வயதிலேயே தகப்பனார் காலமாகிவிட்டார். தாயும் மகளும் வீட்டு வேலை செய்து வயிறு கழுவினார்கள்.

தெரிந்தவர் ஒருவர் சிறுமியைச் சினிமாக் கம்பெனிக்கு அழைத்துப் போனார். 1926-ல் "ஜெய்தேவ்" என்ற ஊமைப் படத்தில் சின்ன வேடம் கிடைத்தது. புகழுக்கு ஆசைப்பட்டு அவர் போகவில்லை. வீட்டில் அடுப்பு எரிய வேண்டுமே என்று போனார்.

குழந்தை நட்சத்திரத்துக்கு அன்று எந்தச் சட்டப் பாதுகாப்பும் கிடையாது. இளம் வயதில் படப்பிடிப்பில் தாம் பட்ட அவமானங்களைப் பின்னாளில் சுயசரிதையில் அவரே எழுதினார்.

பேசும் படம் வந்தது. கானனுக்கு இனிமையான குரல். நியூ தியேட்டர்ஸ் கம்பெனியின் "முக்தி", "வித்யாபதி" ஆகிய படங்கள் 1937-ல் வெளிவந்தன. வங்காளியிலும் இந்தியிலும் பாடினார். அவருடைய கிராமபோன் தட்டுகள் வீடு வீடாக ஒலித்தன.

பாட்டை வீட்டுக்குள் விட்டவர்கள், பாடியவரை விடத் தயாராக இல்லை! 1940-ல் ஒரு கௌரவமான குடும்பத்துப் பிள்ளையை அவர் மணந்தார். "நடிகை நம் வீட்டு மருமகளா?" என்று எதிர்ப்புக் கிளம்பியது. 1945-ல் அந்த மணவாழ்க்கை முறிந்தது.

கானன் தேவி ஒடுங்கிப் போகவில்லை. 1949-ல் மறுமணம் செய்துகொண்டார். அந்த ஆண்டுகளிலேயே "ஸ்ரீமதி பிக்சர்ஸ்" என்ற சொந்தக் கம்பெனியைத் தொடங்கினார். சரத் சந்திரரின் கதைகளைப் படமாக்கினார். வயதாகி, வேலை இழந்து, வறுமையில் வாடிய நடிகைகளுக்கு உதவ "மகிளா சில்பி மகால்" என்ற அமைப்பில் முன்னின்று உழைத்தார்.

1968-ல் பத்மஸ்ரீ பட்டம். 1976-ல் தாதாசாகேப் பால்கே விருது. 1992-ல் அவர் காலமானார். 2011-ல் அவர் படத்தோடு தபால் தலை வெளிவந்தது. அதே வரிசையில் நம் நடிகை சாவித்திரிக்கும் தபால் தலை வெளியிடப்பட்டது.

திருச்சிக்கு வந்த சிறுமி

ஏறக்குறைய இதே கதை காவிரிக் கரையிலும் நடந்தது.

திருவையாற்றில் 1911-ல் பிறந்தவர் டி. பி. ராஜலட்சுமி. அவருக்குப் பால்ய விவாகம் நடந்தது. அது நிலைக்கவில்லை. தகப்பனாரும் இறந்துவிட்டார். தாயும் மகளும் பிழைப்புத் தேடித் திருச்சிக்கு வந்தார்கள். இங்கே சாமண்ணாவின் நாடகக் கம்பெனியில் சிறுமி ராஜலட்சுமி சேர்ந்தார்.

1931-ல் வெளிவந்த முதல் தமிழ்ப் பேசும் படம் "காளிதாஸ்". அதில் கதாநாயகி அவர்தான். 1933-ல் வந்த "வள்ளி திருமணம்" படத்துக்காகக் கல்கத்தாவுக்கே போய் நடித்தார். அதைத் தயாரித்தவர் சாமிக்கண்ணு வின்சென்ட். அவரும் திருச்சிக்குப் புதியவர் அல்ல. இங்கே ரயில்வேயில் உத்தியோகம் பார்த்தவர்; 1905-ல் படம் காட்டும் மெஷினை விலைக்கு வாங்கிக்கொண்டு ஊர் ஊராகப் புறப்பட்டவர்.

1936-ல் ராஜலட்சுமி "மிஸ் கமலா" என்ற படத்தைத் தாமே தயாரித்து, தாமே டைரக்ட் செய்தார். கதையும் அவருடையது. தென்னாட்டின் முதல் பெண் டைரக்டர் அவர்தான். 1964-ல் காலமானார். இன்று அந்தப் படத்தின் ஒரு பிரதிகூட இல்லை.

ஹவுராவும் திருச்சியும் எங்கே? ஆனால் இரண்டு கதையும் ஒன்றே. தகப்பனில்லாக் குழந்தை, வறுமை, சிறு வயதில் வேலை. சொந்தக் கம்பெனி வைக்கும் அளவுக்கு இருவரும் உயர்ந்தார்கள்.

ஆனால் இருவரும் கரையேறியவர்கள். அதே கொட்டகையில், அதே நாடக மேடையில், பின்னால் நின்ற சிறுமிகள் எத்தனை பேர்? அவர்கள் என்ன ஆனார்கள்? ஜெயித்தவர் கதையை மட்டும் கேட்டுவிட்டு மகளை அனுப்புவது புத்திசாலித்தனம் ஆகாது.

கேரளத்து அறிக்கை

இந்தப் பயம் பழங்கதை அல்ல. 2017-ல் கேரளத்தில் ஒரு நடிகை கடத்தித் தாக்கப்பட்டார். நாடே அதிர்ந்தது. நடிகைகள் ஒன்று சேர்ந்து விசாரணை கேட்டார்கள். நீதிபதி ஹேமா தலைமையில் அரசு ஒரு கமிட்டி அமைத்தது. நடிகை சாரதாவும் அதில் ஒருவர்.

2019 டிசம்பரில் அறிக்கை அரசின் கைக்குப் போனது. மக்கள் கைக்கு வந்ததோ 2024 ஆகஸ்டில்தான். கிட்டத்தட்ட ஐந்து ஆண்டுகள் அது அலமாரியில் தூங்கியது!

அதில் சொல்லியிருப்பது என்ன? வேலை கேட்டு வரும் பெண்ணிடம் தகாததைக் கேட்கிறார்கள். மறுத்தால் வாய்ப்பு போகிறது. பல இடங்களில் எழுத்து மூலமான ஒப்பந்தம் இல்லை. உடை மாற்ற அறை இல்லை, கழிப்பறைகூட இல்லை. கூட்டத்தில் நிற்கும் துணை நடிகைகளின் பாடு இன்னும் மோசம்.

அறிக்கை வெளியானதும் வங்காளத்து நடிகைகள் சிலரும் "எங்கள் மாநிலத்திலும் விசாரணை வேண்டும்" என்றார்கள். சென்னையில் தென்னிந்திய நடிகர் சங்கம், குற்றம் உறுதியானால் ஐந்து ஆண்டுகள் சினிமாவில் வேலை கிடைக்காமல் செய்யப் பரிந்துரைப்பதாக 2024 செப்டம்பரில் தீர்மானம் போட்டது.

கானனுக்கு இல்லாத சட்டம்

அன்றைய சிறுமிகளுக்கு இல்லாத ஒன்று இன்றைய சிறுமிக்கு இருக்கிறது. அதுதான் சட்டம்.

14 வயது நிறையாத குழந்தையை நடிக்க வைக்க, படத் தயாரிப்பாளர் மாவட்டக் கலெக்டரிடம் அனுமதி பெற வேண்டும். ஒரு நாளில் ஐந்து மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது. ஓய்வில்லாமல் மூன்று மணி நேரத்துக்கு மேல் நிறுத்தி வைக்கக் கூடாது. படிப்பு கெடக் கூடாது. குழந்தைக்கு இஷ்டமில்லாவிட்டால் வற்புறுத்தக் கூடாது. சம்பளத்தில் நூற்றுக்கு இருபது பங்காவது குழந்தையின் பெயரில் பாங்கியில் போட வேண்டும். வயது வந்ததும் அது அந்தக் குழந்தைக்கே சேரும். தகப்பனாரும் தொட முடியாது!

பெரிய பெண்களுக்கு 2013-ம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில், பெண் தலைமையில் ஒரு புகார்க் குழு இருக்க வேண்டும். அதற்குக் குறைந்த இடங்களுக்கு மாவட்டத்துக்கு ஒரு குழு உண்டு. தொந்தரவு நடந்த மூன்று மாதத்துக்குள் புகார் கொடுக்க வேண்டும். எழுத முடியாதவருக்கு எழுத உதவுவதும் அந்தக் குழுவின் கடமை.

இது நடிகைக்கு மட்டும் உள்ள சட்டம் அல்ல. தொட்டியம் வாழைத் தோட்டத்தில் கூலி வேலை செய்யும் பெண்ணுக்கும் இதே சட்டம்தான். ஆனால் சட்டம் தானாக நடந்து வராது. கேட்டால்தான் வரும்.

பாட்டிக்குப் பதில்

ஆக, பாட்டியின் பயம் நியாயமானது. ஆனால் அவர் பயப்பட வேண்டியது நடிப்பைக் கண்டு அல்ல. கானன் தேவியின் பாட்டில் என்ன குற்றம்? ராஜலட்சுமியின் நடிப்பில் என்ன குறை? கேள்வி முறை இல்லாத இடத்தில் குழந்தையைத் தனியே விடுவதில்தான் ஆபத்து இருக்கிறது.

தகப்பனாரும் ஆசையோடு நின்றுவிடக் கூடாது. கலெக்டர் அனுமதி எங்கே? ஒப்பந்தம் எங்கே? எத்தனை மணி நேர வேலை? கூட யார் இருப்பார்கள்? பாங்கிக் கணக்கு எந்தப் பெயரில்? இவற்றைக் கேட்டபின் கையெழுத்துப் போடட்டும். கேட்டதற்கே முகம் சுளிக்கும் கம்பெனி என்றால், குழந்தையின் கையைப் பிடித்துக்கொண்டு அடுத்த பஸ்ஸில் தொட்டியம் திரும்பிவிடலாம்.

அவள் பாட்டு எங்கும் போய்விடாது.