மேயர் போய்விட்டார்... வரிக் கணக்கு என்ன ஆச்சு? தாம்பரத்துக்கு மதுரை சொல்லும் பாடம்!

அக்டோபர் பிறந்துவிட்டால் தாம்பரம், சேலையூர், குரோம்பேட்டை, பம்மல் பக்கத்து வீடுகளில் தீபாவளிச் செலவோடு இன்னொரு செலவும் சேர்ந்துகொள்ளும். அது இரண்டாம் அரையாண்டுக்கான சொத்து வரி. 31-ம் தேதிக்குள் கட்டினால் 5 சதவிகிதம் ஊக்கத்தொகை உண்டு. அந்த 5 சதவிகிதத்துக்காகவே பென்ஷன் பணம் வந்ததும் முதல் வேலையாக வரியைக் கட்டிவிட்டு, ரசீதை ஃபைலில் போட்டு வைக்கும் பெரியவர்கள் இந்தப் பகுதியில் ஏராளம்.

2025-ம் ஆண்டு இதே அக்டோபரில், தீபாவளிக்கு ஐந்து நாள்கள் முன்பு, மதுரை மாநகராட்சி மேயர் இந்திராணி பொன்வசந்த் ராஜினாமா செய்தார். கடிதத்தில் சொல்லப்பட்டிருந்த காரணம் குடும்பச் சூழல். ஆனால், ஊரே பேசிய காரணம் சொத்து வரி!

வந்ததும் போனதும்

2022 பிப்ரவரி 19-ம் தேதி தமிழ்நாடு முழுவதும் நகர்ப்புற உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. மக்கள் தேர்ந்தெடுத்தது கவுன்சிலர்களை மட்டும்தான். மார்ச் 4-ம் தேதி அந்தக் கவுன்சிலர்கள் கூடி மேயரைத் தேர்ந்தெடுத்தார்கள். மதுரையில் 57-வது வார்டு கவுன்சிலரான தி.மு.க-வின் இந்திராணி மேயரானார். தேன்மொழி கோபிநாதனுக்குப் பிறகு அந்த நகருக்குக் கிடைத்த இரண்டாவது பெண் மேயர். அதே நாளில்தான், புதிதாக உருவான தாம்பரம் மாநகராட்சிக்கும் முதல் மேயராக 25 வயது வசந்தகுமாரி கமலக்கண்ணன் தேர்வானார்.

அடுத்த மாதமே சொத்து வரி உயர்வு அறிவிப்பு வந்தது. சென்னையைத் தவிர்த்த மாநகராட்சிகளில் 600 சதுர அடிக்குள் இருக்கும் வீட்டுக்கு 25 சதவிகிதம், 1,200 சதுர அடி வரை 50 சதவிகிதம், 1,800 வரை 75 சதவிகிதம், அதற்கு மேல் 100 சதவிகிதம் என்று வரி ஏறியது. வணிகக் கட்டடங்களுக்கு 100 சதவிகிதம். தாம்பரமும் மதுரையும் ஒரே பட்டியலில் இருந்தன.

வீட்டுக்காரர்கள் முணுமுணுத்துக்கொண்டே கட்டினார்கள். மதுரையில் வேறொரு வழி திறந்திருந்தது என்பதுதான் புகார். கட்டடத்தின் பரப்பளவு, அது குடியிருப்பா வணிகமா என்ற வகைப்பாடு, இருக்கும் தெரு ஆகியவற்றை வைத்துத்தான் வரி கணக்கிடப்படுகிறது. கணினியில் பரப்பளவைக் குறைத்தாலோ, வணிகத்தைக் குடியிருப்பு என்று மாற்றினாலோ வரி சரிந்துவிடும். அதிகாரிகளின் பாஸ்வேர்டைப் பயன்படுத்தி, நூற்றுக்கும் மேற்பட்ட கட்டடங்களுக்கு இப்படி வரி குறைக்கப்பட்டிருப்பதாக மாநகராட்சியின் உள் ஆய்வில் தெரியவர, ஆணையராக இருந்த தினேஷ்குமார் 2024-ல் போலீஸில் புகார் கொடுத்தார்.

ஓராண்டு கழித்துத்தான் விவகாரம் சூடுபிடித்தது. மாநகராட்சி அலுவலர்களும் இடைத்தரகர்களும் அடுத்தடுத்துக் கைதானார்கள். இழப்பு 150 கோடி ரூபாய் வரை இருக்கும் என்று அ.தி.மு.க தரப்பு குற்றம்சாட்டி, உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போனது. ஐ.பி.எஸ் அதிகாரி தலைமையில் விசாரணைக் குழு அமைந்தது. 2025 ஜூலையில் ஐந்து மண்டலத் தலைவர்களும் இரண்டு நிலைக்குழுத் தலைவர்களும் பதவி விலகினார்கள். ஆகஸ்ட்டில் மேயரின் கணவர் பொன்வசந்த் கைதானார். அக்டோபர் 15-ல் மேயரின் ராஜினாமா. 17-ம் தேதி மாமன்றக் கூட்டம் கூடி அதை ஏற்றுக்கொண்டது.

இவையெல்லாம் குற்றச்சாட்டுகள்தான். யார் குற்றவாளி என்பதை நீதிமன்றம்தான் சொல்ல வேண்டும். ஆனால், ஒழுங்காக வரி கட்டியவர் கேட்கும் கேள்விக்கு நீதிமன்றம் வரை போக வேண்டியதில்லை. ‘எத்தனை கட்டடங்கள், எவ்வளவு குறைந்தது, எவ்வளவு திரும்ப வந்தது?’ என்பதே அந்தக் கேள்வி. ராஜினாமா கடிதத்தில் அதற்குப் பதில் இல்லை.

ஒரே மாதிரி கடிதங்கள்

மதுரை மட்டுமல்ல. 2024 ஜூலை 3-ம் தேதி ஒரே நாளில் இரண்டு மேயர்களின் ராஜினாமா வந்தது. ஒருவர் கோவையின் முதல் பெண் மேயர் கல்பனா ஆனந்தகுமார். இன்னொருவர் நெல்லை மேயர் பி.எம்.சரவணன். சொல்லப்பட்ட காரணங்கள் உடல்நலமும் குடும்பமும். இருவருக்கும் சொந்தக் கட்சிக் கவுன்சிலர்களோடு நீண்ட நாளாக உரசல் இருந்தது ஊரறிந்த விஷயம். ஆகஸ்ட்டில் இரண்டு ஊர்களுக்கும் புது மேயர்கள் வந்துவிட்டார்கள். வாக்காளர்களுக்கு இதில் எந்த வேலையும் இருக்கவில்லை.

‘மேயரை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுத்தால் இந்த நிலை வருமா?’ என்று கேட்பவர்கள் உண்டு. 1996-ல் சென்னைக்கு மு.க.ஸ்டாலின் அப்படித்தான் நேரடியாகத் தேர்வானார். 2011-ல் சைதை துரைசாமியும் அப்படியே. நடுவில் 2006-ல் முறை மாறியது. 2019-ல் மீண்டும் மறைமுகத் தேர்தல் என்று அவசரச் சட்டம் வந்தது. ஆட்சியில் யார் இருந்தாலும், தங்களுக்குத் தோதான முறையை மாற்றி மாற்றி வைத்துக்கொண்டதுதான் வரலாறு.

நேரடித் தேர்தலில் ஒரு லாபம் உண்டு. 2014-ல் கோவை மேயர் செ.ம.வேலுச்சாமி ராஜினாமா செய்தபோது, கோவை மக்கள் வாக்குச்சாவடிக்குப் போய் இடைத்தேர்தலில் அடுத்த மேயரைத் தேர்ந்தெடுத்தார்கள். பத்தே ஆண்டில் அதே ஊரில், அதே நாற்காலி காலியானபோது, மக்கள் டி.வி-யில் செய்தி பார்த்ததோடு சரி.

ஆனாலும், தேர்தல் முறை மட்டுமே எல்லாவற்றையும் சரிசெய்துவிடாது. அதற்கு வெளிநாட்டு உதாரணம் ஒன்று இருக்கிறது.

ஓர் உணவக பில் சாய்த்த மேயர்

டென்மார்க்கில் ஃபாரும் என்றொரு சின்ன நகரம். அங்கும் மேயரைத் தேர்ந்தெடுப்பது நகர மன்றம்தான். 2002 வரை பீட்டர் பிரிக்ஸ்டாஃப்டே என்பவர் மேயர். சாதாரண ஆளில்லை, இடையில் நாட்டின் வரித்துறை அமைச்சராகவும் இருந்தவர். நகராட்சியின் சொத்துகளை விற்று, விற்றதையே வாடகைக்கு எடுத்து, வந்த பணத்தில் ஸ்டேடியம் முதலானவற்றைக் கட்டினார். ஊர் அவரைக் கொண்டாடியது.

2002 பிப்ரவரியில் ஒரு பத்திரிகை, அவர் விலையுயர்ந்த ஒயினோடு விருந்து கொடுத்த உணவக பில்லை வெளியிட்டது. பில் நகராட்சியின் கணக்கில் போயிருந்தது. அந்த ஒரு நூலைப் பிடித்து இழுக்க, கடன், வாடகை ஒப்பந்தம் என்று எல்லாம் வெளியே வந்தன. பதவி போனது. வழக்கு நடந்தது. இரண்டு ஆண்டு சிறைத் தண்டனையும் கிடைத்தது. விற்ற சொத்துகளுக்கான வாடகையும் கடனும் ஊர்க்காரர்கள் தலையில் விழுந்தன.

அங்கும் மக்கள் நேரடியாக மேயரைத் தேர்ந்தெடுக்கவில்லை. ஆனால், ‘குடும்பச் சூழல்’ என்ற கடிதத்தோடு கதை முடியவில்லை. கணக்கைத் திறந்து பார்த்தார்கள்.

தாம்பரத்தில் என்ன செய்யலாம்?

ஐந்து நகராட்சிகள், ஐந்து பேரூராட்சிகளை இணைத்து 2021 நவம்பரில் உருவானது தாம்பரம் மாநகராட்சி. 70 வார்டுகள், 5 மண்டலங்கள். சிட்லபாக்கத்துக்காரருக்கும் அனகாபுத்தூர்க்காரருக்கும் இன்று ஒரே மாமன்றம். ஊர் பெரிதாகும்போது நம் வரிப் பணம் எங்கே போகிறது என்பதும் கண்ணுக்கு எட்டாத தூரத்துக்குப் போய்விடுகிறது.

முதல் வேலை, உங்கள் சொத்து வரி விவரத்தை ஒருமுறை நிதானமாகப் படிப்பது. பரப்பளவு சரியா, குடியிருப்பு என்று இருக்கிறதா, வரி விதிப்பு எண் உங்களுடையதுதானா என்று பாருங்கள். நம்முடையதை நாம் சரிபார்த்தால்தான் ஊருடையதைக் கேட்க வாய் வரும்.

இரண்டாவது, பகுதி சபை. 2022 நவம்பர் 1, உள்ளாட்சிகள் தினத்தன்று முதல்வர் ஸ்டாலின் கலந்துகொண்ட பகுதி சபைக் கூட்டம் நடந்தது தாம்பரம் மாநகராட்சியின் பம்மலில்தான். குடிநீர், குப்பை, தெருவிளக்கோடு ‘நம் வார்டில் எத்தனை வணிகக் கட்டடங்களுக்கு வரி விதிக்கப்பட்டிருக்கிறது, எவ்வளவு நிலுவை?’ என்றும் அங்கே கேட்கலாம். கூட்டம் நடப்பதில்லை என்றால், ஏன் நடப்பதில்லை என்று கவுன்சிலரைக் கேட்கலாம்.

மூன்றாவது, தகவல் அறியும் உரிமைச் சட்டம். பத்து ரூபாய் கட்டணம். 30 நாளுக்குள் பதில் தந்தாக வேண்டும்.

மேயர்கள் வருவார்கள், போவார்கள். யார் வருவது, யார் போவது என்பதைக் கட்சிகள் முடிவு செய்துகொள்ளட்டும். ஃபைலில் பத்திரமாக இருக்கும் அந்த ரசீதுக்குக் கணக்குக் கேட்கும் உரிமை மட்டும் எந்தச் சட்டத் திருத்தத்திலும் மாறவில்லை. நாற்காலி காலியாகிவிட்டது என்பதால் கணக்கு தீர்ந்துவிட்டது என்று அர்த்தமில்லை!