பண்டிகைச் சோறு யார் பொறுப்பு?

புலவு, பிரியாணி என்று நாம் நாவாரச் சொல்லும் சொற்கள் பாரசீக மொழி நமக்குத் தந்தவை. அந்தப் பாரசீக நாடாகிய ஈரானில் திருமண விருந்துக்கென்றே ஒரு சோறு உண்டு. அதன் பெயர் 'ஜவாஹிர் பொலோ'. ஜவாஹிர் என்றால் இரத்தினங்கள் என்று பொருள். பண்டித ஜவஹர்லால் நேருவின் பெயரில் இருப்பதும் இச்சொல்லே. வெண்சோற்றின் மேல் குங்குமப்பூவின் மஞ்சளும், ஜெரேஷ்க் என்னும் புளிப்புப் பழத்தின் சிவப்பும், பிஸ்தாவின் பசுமையும் மணிகளாய் மின்னுவதால் இப்பெயர் பெற்றது.

பார்க்க அழகான இச்சோற்றைச் சமைக்க எத்தனை வேலை! நீண்ட அரிசியைப் பலமுறை களைந்து உப்பு நீரில் ஊற வைக்க வேண்டும். ஆரஞ்சுத் தோலை நூல் போல் நறுக்கி, கசப்பு நீங்கும் வரை நீரை மாற்றி மாற்றிக் கொதிக்க வைக்க வேண்டும். பின் அதைச் சர்க்கரைப் பாகில் இட வேண்டும். பாதாமையும் பிஸ்தாவையும் ஊற வைத்து மெல்லிய சீவல்களாகச் சீவ வேண்டும். ஜெரேஷ்க்கில் உள்ள காம்பையும் கல்லையும் பொறுக்க வேண்டும். குங்குமப்பூவை இடித்து வெந்நீரில் கரைக்க வேண்டும். ஒரு பூவில் மூன்றே இழைகள். ஒரு கிலோவுக்குச் சுமார் 1,50,000 பூக்கள் தேவை என்றால் அதன் அருமை விளங்கும்.

இனி அடுப்பு வேலை. அரிசியை முக்கால் பதத்தில் வடித்து, நெய் விட்ட பானையில் கோபுரமாகக் குவிப்பார்கள். மூடியைத் துணியால் சுற்றி, நீராவி சொட்டாமல் சிறு தீயில் ஏறத்தாழ ஒரு மணி நேரம் 'தம்' போடுவார்கள். தம் என்பதும் பாரசீகச் சொல்லே. மூச்சு என்பது அதன் பொருள். அடியில் பொன்னிறமாய் முறுகும் சோற்றுக்குத் 'தஹ்திக்' என்று பெயர். நம் வீட்டில் காந்தல் என்று ஒதுக்கப்படுவது அங்கே விருந்தினர் போட்டியிட்டு உண்ணும் பண்டம்!

இத்தனை வேலையையும் ஒருவரே செய்வது நியாயமா? இதுவே எங்கள் கேள்வி. ஈரானிலும் சரி, நம் நாட்டிலும் சரி, வீட்டு அடுப்பங்கரை பெரும்பாலும் பெண்களுக்கே விடப்பட்டிருக்கிறது. பண்டிகை நாளில் அனைவரும் புத்தாடை உடுத்திக் கூடத்தில் அமர்ந்திருக்க, அம்மா மட்டும் புகையில் நிற்கிறார். "புத்தகத்தை மூடிவிட்டு வந்து உதவி செய்" என்ற அழைப்பும் பொதுத்தேர்வு எழுதும் எங்களுக்கே வருகிறது. அதே தேர்வு எழுதும் அண்ணன் தம்பியருக்கு அந்த அழைப்பு வருவதில்லை.

"பலர் கை பட்டால் சமையல் கெடும்" என்பர் சிலர். ஜவாஹிர் பொலோவையே எடுத்துக்கொள்வோம். பக்குவம் தெரிந்த கை வேண்டியது அரிசியை வடிக்கும்போதும் தம் போடும்போதும் மட்டுமே. பருப்பைச் சீவவும், பழத்தில் கல் பொறுக்கவும், தோலை நறுக்கவும் யாரால் முடியாது? "சமையல் ஆண்களுக்கு வராது" என்பதும் பொருந்தாது. நம் ஊர்க் கல்யாணங்களில் அண்டா அண்டாவாகச் சமைப்பவர்கள் பெரும்பாலும் ஆண்களே. ஈரானில் முஹர்ரம் நாட்களில் நேர்ச்சைச் சோற்றுக்குப் பெரிய கொப்பரைகளைக் கிளறுவோரிலும் ஆண்கள் பலர் உண்டு. ஊருக்குச் சமைக்கும் கை வீட்டுக்குச் சமைக்கக் கூசுவானேன்?

சமையல் இழிவான வேலை என்று நாங்கள் சொல்லவில்லை. நீராவி, வெப்பம், கரைசல் எனப் பாடத்தில் படிப்பவை அனைத்தும் அங்கே கண்ணெதிரே நிகழ்கின்றன. அக்கல்வி ஆண்பிள்ளைகளுக்கும் கிடைக்கட்டும் என்பதே எங்கள் விருப்பம்.

அன்புள்ள பெற்றோரே! "உன் கைப்பக்குவம் யாருக்கு வரும்?" என்று அம்மாவைப் புகழ்வது இனிமையே. ஆயினும் அடுத்த பண்டிகைக்கு முதல் நாள் மாலை அப்பாவும் அண்ணனும் ஆளுக்கொரு தட்டை எடுத்துக்கொண்டு பருப்புச் சீவ உட்கார்ந்தால், அம்மாவும் எல்லோருடனும் ஒரே பந்தியில் அமர்ந்து சூடாகச் சாப்பிடலாம். ஊர் கூடித்தானே தேர் இழுக்கிறோம்?

— பத்தாம் வகுப்பு மாணவி