தலைவர் அழுகிறாரா? உஷார்!

போன ஞாயிற்றுக்கிழமை லப்பைக்குடிக்காடு வீட்டில் ஒரு ஜப்பான் தாதா படம் போட்டேன். பக்கத்தில் என் கூட்டாளி. கடைத்தெருவில் மளிகைக் கடை வைத்திருக்கிறான்.

படம், கிஞ்சி ஃபுகசாகு 1973-ல் எடுத்த ‘பேட்டில்ஸ் வித்தவுட் ஹானர் அண்ட் ஹியூமானிட்டி’. நிஜ தாதா ஒருத்தர் ஜெயிலில் எழுதிய நினைவுக் குறிப்பு, நம்ம தொடர்கதை மாதிரி வாரப் பத்திரிகையில் வந்து, பிறகு படமாச்சு.

ஆரம்பமே ஹிரோஷிமா அணுகுண்டுப் புகை. அடுத்து 1946, பக்கத்து ஊர் குரே. தோற்றுத் திரும்பிய சிப்பாய்களுக்கு வேலை இல்லை. கள்ளச்சந்தை ஒண்ணுதான் திறந்திருக்கு. ஹிரோனோ என்ற இளைஞன் யாமாமோரி கோஷ்டியில் சேர்கிறான். ஒரு தப்புக்குப் பரிகாரமாகச் சுண்டுவிரலை வெட்டிக்கொள்கிறான். விரல் எங்கே என்று எல்லோரும் தேடினால், கோழி கொத்திக்கொண்டிருக்கு! கூட்டாளி விழுந்து விழுந்து சிரித்தான்.

எதிர்க்கோஷ்டித் தலைவனைத் தீர்க்கணும். யார் போவது? யாமாமோரி கண்ணைக் கசக்குகிறார். ஹிரோனோ உருகிப்போய், ‘நான் போறேன்’ என்கிறான். அவனுக்கு ஜெயில், தலைவருக்கு வசூல்.

கூட்டாளியின் சிரிப்பு நின்றுபோச்சு. காரணம் இருக்கு.

அந்தக்கால பம்பாய் வி.டி. ஸ்டேஷனில் மூட்டை தூக்கி, மதுவிலக்கு நாளில் கள்ளச்சாராயத்தால் பெரிய ஆளானவர் தூத்துக்குடி வரதராஜ முதலியார். அவர் சாயலில் 1987-ல் வந்தது ‘நாயகன்’. நாங்கள் பி.காம் படிக்கிறபோது அதை டி.வி.யில் பார்த்துவிட்டு, நான் தலையை மேலே வாரினேன். அவன் மும்பைக்கே ரயிலேறிவிட்டான்! இரண்டு வருஷம் கழித்து வந்தான். வலது கையில் மூன்று விரல் இன்றுவரை மடங்காது.

“உங்க பாஸ் ஆஸ்பத்திரிக்கு வந்தாராடா?” என்று அப்போது கேட்டேன்.

“போன்ல அழுதாரு மச்சான்.”

படத்தின் கடைசியில், கோஷ்டி மோதலில் செத்த சிநேகிதனுக்கு யாமாமோரி தலைமையில் தடபுடலாக இறுதிச் சடங்கு. ஹிரோனோ துப்பாக்கியை எடுக்கிறான். சுடுவது தலைவரை அல்ல, அஞ்சலி மேடையை!

கூட்டாளி ரொம்ப நேரம் பேசவில்லை. பிறகு சொன்னான்: “மொதல்ல இந்தப் படத்தைக் காட்டியிருக்கலாம்ல மச்சான்.”

என்னிடம் பதில் இல்லை.

ஆபீஸ் போகும் நண்பர்களே, மாசக் கடைசியில் மேனேஜர் கண் கலங்கி, ‘உங்களைத்தான் நம்பியிருக்கேன் தம்பி’ என்றால், முதல் வேலையாகச் சுண்டுவிரலைப் பாக்கெட்டுக்குள் விட்டுக்கொள்ளுங்கள்!