விளையாட்டில் அரசியல் கூடாதாம்!

"விளையாட்டிலே அரசியலைப் புகுத்தாதே!" இந்த உபதேசத்தை நாம் கேட்காத நாள் இல்லை. யார் இதைச் சொல்கிறார்கள் என்று பார்த்தால் வேடிக்கையாக இருக்கும். கிளப்புகளைச் சந்தைச் சரக்கைப்போல் வாங்கி விற்கிற கோடீஸ்வரர்கள் சொல்கிறார்கள். கொடி பறக்க, பாண்டு முழங்க, மேடையேறி மெடல் மாட்டிவிடுகிற மந்திரிகள் சொல்கிறார்கள். அவர்கள் செய்வதெல்லாம் அரசியல் இல்லை. ஆட்டக்காரன் ஒருவன் வாய் திறந்தால் மட்டும் அது அரசியலாகிவிடுகிறது!

இந்த உபதேசத்துக்குப் பதிலாக ஒரு மனிதருடைய கதையைச் சொல்கிறேன். அவர் பெயர் இவிட்சா ஓசிம். ஊர், பாஸ்னியா நாட்டின் தலைநகரான சரயேவோ. முதலில் கால்பந்து ஆட்டக்காரர். பிறகு ஆட்டக்காரர்களைப் பொறுக்கியெடுத்துப் பழக்குகிற பயிற்சியாளர். அவர் ஜெயித்த கோப்பைகளைப் பற்றி எழுதியவர்கள் பலர். எனக்கு அந்தக் கோப்பைகளைவிட அவர் ராஜினாமா செய்த ஒரு நாள்தான் பெரிதாகத் தெரிகிறது.

ஓசிம் 1941 மே 6-ந் தேதி பிறந்தார். அதற்குச் சரியாக ஒரு மாதத்துக்கு முன்புதான் ஹிட்லரின் படை யுகோஸ்லாவியாவுக்குள் புகுந்தது. அவர் தந்தை ரயில்வேத் தொழிலாளி. அந்த நகரத்தில் 1921-ல் ரயில்வேத் தொழிலாளர்கள் தங்களுக்கென்று ஒரு கால்பந்து கிளப்பை ஆரம்பித்தார்கள். அதன் பெயர் 'ஜெலெஸ்னிச்சார்'. அவர்கள் பாஷையில் அதற்கு 'ரயில்வேக்காரன்' என்று அர்த்தம். கிர்பாவிட்சா என்ற பேட்டையில் அதன் மைதானம். வாலிபன் ஓசிம் அந்த டீமில்தான் ஆடத் தொடங்கினான். கணிதம் படித்துக்கொண்டிருந்த பையன். கால்பந்துக்காகப் படிப்பை விட்டான். உயரமான ஆள். பந்தைக் காலிலே ஒட்டவைத்தாற்போலக் கொண்டு போவான் என்று பெயர். முன்னோரில் வேற்று நாட்டு ரத்தம் கலந்திருந்ததால் அவனை 'ஷ்வாபோ' (ஜெர்மன்காரன்) என்று கூப்பிடுவார்கள். அது வசவு அல்ல, செல்லப்பெயர். சரயேவோவில் அப்படித்தான். மசூதியும் இரண்டு வகைக் கிறிஸ்தவக் கோயில்களும் யூதர் ஆலயமும் கூப்பிடு தூரத்தில் நிற்கிற ஊர் அது.

1964-ல் டோக்கியோ ஒலிம்பிக்கில் ஆடினார். 1968-ல் ஐரோப்பியப் போட்டியின் இறுதி ஆட்டம் வரை யுகோஸ்லாவியா போனபோது அந்த டீமில் இருந்தார். இங்கிலாந்துடன் நடந்த அரையிறுதியில் அடிபட்டு, இறுதி ஆட்டத்துக்கு இறங்க முடியாமல் போயிற்று. 28 வயது ஆகாமல் வெளிநாட்டுக் கிளப்புக்குப் போகக்கூடாது என்று அந்நாட்டில் அப்போது விதி. அந்த வயது கடந்தபின் 1970-ல் பிரான்சுக்குப் போய், ஆட்டக் காலத்தின் பிற்பகுதியை அங்கே கழித்தார்.

1978-ல் திரும்பி வந்தார். எங்கே? அதே ரயில்வேக்காரர் கிளப்புக்குப் பயிற்சியாளராக! எட்டு வருஷம் அங்கே இருந்தார். ஒரு உண்மையை மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். அந்த எட்டு வருஷத்தில் கிளப் ஒருமுறைகூட யுகோஸ்லாவிய சாம்பியன் ஆகவில்லை. அந்தக் கிளப் அந்தப் பட்டத்தை வாங்கியதே ஒரே தடவை, 1972-ல். அப்போது ஓசிம் பிரான்சில் இருந்தார். ஆனால் பணம் கொழுத்த பெல்கிரேடு, ஜாக்ரெப் கிளப்புகள் கண்டு அஞ்சும்படியான ஒரு டீமை உள்ளூர்ப் பிள்ளைகளை வைத்தே அவர் கட்டினார். 1985 ஏப்ரலில் அந்த டீம் ஐரோப்பாவின் யூபா கோப்பை அரையிறுதிக்கு வந்துவிட்டது. எதிரே வந்தது ஹங்கேரியின் விடியோட்டன், ஒரு ரேடியோத் தொழிற்சாலையின் டீம். ரயில்வேக்காரர்களுக்கும் ரேடியோக்காரர்களுக்கும் ஐரோப்பிய அரையிறுதி! முதல் ஆட்டத்தில் 3-1 என்று தோற்றார்கள். சொந்த மண்ணில் 2-0 என்று முன்னேறி, இறுதி ஆட்டத்தில் ஒரு காலை வைத்துவிட்டார்கள். முடிய மூன்றே நிமிஷம் இருக்கும்போது எதிரிகளின் பின்வரிசைக்காரர் ஒருவர் ஒரு கோல் போட்டுவிட்டார். அத்தோடு போயிற்று. அந்த ஒரு கோலைப் பற்றிச் சரயேவோவில் இன்னும் பேசுகிறார்கள்.

1986-ல் ஓசிம் யுகோஸ்லாவிய தேசிய டீமின் பயிற்சியாளரானார். எப்படிப்பட்ட நேரம் அது! ஆறு குடியரசுகள் சேர்ந்த நாடு. வெளிநாட்டு வங்கிகளுக்குச் சுமார் 2000 கோடி டாலர் கடன். கடன் கொடுத்தவர்களின் கட்டளைப்படி கூலி வெட்டு, மானிய வெட்டு. 1989-ல் விலைவாசி ஒரே ஆண்டில் ஆயிரம் சதவீதத்துக்கு மேல் ஏறிற்று. காலையில் வாங்கிய சம்பளம் சாயங்காலம் செல்லாக்காசு. ஆலைக்கு ஆலை வேலைநிறுத்தம். சோஷலிஸ்ட் நாடு என்று பெயர்ப்பலகை மாட்டியிருந்த தலைவர்கள் என்ன செய்தார்கள்? செர்பியத் தொழிலாளியிடம் போய், "உன் சோற்றை குரோஷியன் தின்கிறான்" என்றார்கள். குரோஷியத் தொழிலாளியிடம் போய், "உன் உழைப்பை செர்பியன் உறிஞ்சுகிறான்" என்றார்கள். சம்பளப் பட்டுவாடா நாளில் மட்டும் இந்த வித்தையைக் காட்டுகிற எஜமானர்களைப் பார்த்த ஆலைத் தொழிலாளிக்கு இது புதிதாக இராது.

கால்பந்து மைதானம் அவர்களுக்குத் தோதான களமாயிற்று. 1990 மே 13-ந் தேதி ஜாக்ரெப் நகரில் குரோஷிய டீமும் செர்பிய டீமும் மோதவிருந்த ஆட்டம் பெருங் கலவரத்தில் முடிந்தது. பெல்கிரேடில் ஆர்கான் என்ற பேர்பெற்ற ரவுடி, ரசிகர் கூட்டத்திலிருந்தே ஆள் பிடித்துத் துப்பாக்கிப் படை சேர்த்தான். அந்தப் படை பின்னால் பாஸ்னியாவில் செய்த கொலைகளை உலகம் அறியும். விளையாட்டில் அரசியல் வேண்டாம் என்பவர்கள் அன்று எங்கே போயிருந்தார்கள்?

இந்தத் தீயின் நடுவே ஓசிம் ஒரு டீமைக் கட்டினார். செர்பியாவின் ஸ்டோய்கோவிச், பாஸ்னியாவின் சுஷிச், ஸ்லோவேனியாவின் கட்டானெட்ஸ், மாண்டிநீக்ரோவின் சவிச்செவிச், மாசிடோனியாவின் பாஞ்செவ், குரோஷியாவின் ப்ரோசினெச்கி எல்லோரும் ஒரே சட்டையில். ஒவ்வொரு குடியரசுப் பத்திரிகையும் "எங்கள் ஆளைப் போடு" என்று அவர் கழுத்தில் உட்கார்ந்தது. ஆட்டம் தெரிந்தவனைத்தான் அவர் போட்டார். 1990 ஜூன் 3-ந் தேதி ஜாக்ரெபில் ஹாலந்துடன் ஆடியபோது சொந்த நாட்டு ஜனங்களே சொந்த நாட்டுக் கீதத்துக்கு ஊளையிட்டார்கள். அந்த ஊளையைக் காதில் வாங்கிக்கொண்டு உலகக் கோப்பைக்கு இத்தாலி போனது டீம்.

முதல் ஆட்டத்தில் மேற்கு ஜெர்மனியிடம் 4-1 என்று உதை. பிறகு எழுந்து நின்று கொலம்பியாவையும் அரபு எமிரேட்ஸையும் வென்றது. ஸ்பெயினை 2-1 என்று வீட்டுக்கு அனுப்பியது. ஜூன் 30-ந் தேதி புளோரன்ஸ் நகரில் மரடோனாவின் அர்ஜென்டினாவுடன் காலிறுதி. அரை மணி நேரம் ஆனதும் யுகோஸ்லாவியர் ஒருவரை நடுவர் வெளியேற்றிவிட்டார். மீதி நேரம், கூடுதல் நேரம் எல்லாம் பத்துப் பேராகவே ஆடினார்கள். கோல் விழவில்லை. பிறகு பெனால்டி. மரடோனா தவறவிட்டார், ஸ்டோய்கோவிச்சும் தவறவிட்டார். கடைசியில் சரயேவோக்காரரான ஹாஜிபெகிச் அடித்த பந்தை அர்ஜென்டினாவின் கோல்கீப்பர் தடுத்தார். 3-2 என்று கதை முடிந்தது.

அன்று ஜெயித்திருந்தால் நாடு உடையாமல் இருந்திருக்குமோ என்று பிற்காலத்தில் ஓசிம் நினைத்துப் பார்த்ததுண்டு. அந்த ஏக்கம் எனக்குப் புரிகிறது, ஆனால் நான் அதை ஏற்கவில்லை. கடனையும் பட்டினியையும் துப்பாக்கிக் கிடங்கையும் ஒரு பெனால்டி தடுத்து நிறுத்திவிடாது. அந்தப் பதினோரு பேர் காட்டியது வேறு விஷயம். இந்த ஜனங்கள் சேர்ந்து வேலை செய்ய முடியாதவர்கள், ஆதிகாலத்துப் பகையாளிகள் என்று வெளிநாட்டுப் பத்திரிகைகள் பின்னால் பக்கம் பக்கமாக எழுதின. அது பொய் என்பதற்கு அந்த டீம் சாட்சி.

1992 ஏப்ரல் 5. கிர்பாவிட்சா மைதானத்தில் ரயில்வேக்காரர் டீம் ஆட இருந்தது. துப்பாக்கிச் சத்தம் கேட்டு ஆட்டம் நின்றது. முற்றுகை தொடங்கிவிட்டது. சுற்றிலும் மலை, நடுவே பள்ளத்தில் சரயேவோ. மலைமேல் பீரங்கிகள், அவற்றில் பெரும்பாலானவை யுகோஸ்லாவிய ராணுவத்தின் கிடங்கிலிருந்து வந்தவை. குடிநீர் எடுக்கப் போகிறவன்மேல், ரொட்டி வாங்கப் போகிறவள்மேல் குண்டு. அந்தச் சமயத்தில் ஓசிம் எங்கே இருந்தார் தெரியுமா? பெல்கிரேடில்! தேசிய டீமோடு, அங்கேயுள்ள பார்ட்டிசான் கிளப்புக்கும் அவர்தான் பயிற்சியாளர். பார்ட்டிசான், ராணுவத்தார் ஏற்படுத்திய கிளப். அவருடைய மனைவியும் மகளும் சரயேவோவில், குண்டு மழைக்குள் மாட்டிக்கொண்டிருந்தார்கள். மே மாதம் மூன்றாம் வாரம் பார்ட்டிசான் யுகோஸ்லாவியக் கோப்பையை வென்றது. அடுத்த மாதம் ஸ்வீடனில் ஐரோப்பியப் போட்டி. அவருடைய தேசிய டீம் டென்மார்க்கைப் பின்தள்ளி அதற்குத் தகுதி பெற்றிருந்தது. கோப்பை, புகழ், சம்பளம் எல்லாம் கைக்கெட்டிய தூரத்தில்.

மே 23-ந் தேதி பெல்கிரேடிலேயே நிருபர்களைக் கூப்பிட்டு ராஜினாமா செய்தார் ஓசிம். கண்ணீர் விட்டார். தன் நகரத்துக்காகத் தன்னால் செய்யக்கூடியது இது ஒன்றுதான், நான் சரயேவோவில் பிறந்தவன் என்பதை மறக்காதீர்கள் என்ற கருத்தில் சில வார்த்தைகள். அவ்வளவுதான். கோஷம் இல்லை, எந்த இனத்தையும் ஏசவில்லை. சரயேவோவைச் சுடுகிறவர்களின் கொடிக்குக் கீழே சரயேவோ ரயில்வேக்காரன் மகன் நிற்கமாட்டான், விஷயம் அதுதான்.

நாலு நாள் கழித்து, மே 27-ந் தேதி, சரயேவோவில் ரொட்டிக்கு வரிசையில் நின்றவர்கள் நடுவே குண்டு விழுந்தது. இருபதுக்கு மேற்பட்டவர்கள் அங்கேயே மாண்டார்கள். அந்தத் தெருவுக்கு அன்று வாசோ மிஸ்கின் என்று பெயர். நாஜிகளை எதிர்த்துப் போராடிய கம்யூனிஸ்டுத் தொழிலாளியின் பெயர் அது.

மே 30-ந் தேதி ஐ.நா. சபை தடை விதித்தது. ஸ்வீடன் போய்ச் சேர்ந்திருந்த யுகோஸ்லாவிய டீமை மூட்டை கட்டச் சொன்னார்கள். பதிலுக்கு வந்த டென்மார்க், கோப்பையையே தட்டிக்கொண்டு போயிற்று. தடை உத்தரவு வந்தபின் ஒதுங்குவது சுலபம். ஓசிம் அதற்கு முன்னால் ஒதுங்கினார். அது ஒரு வாரந்தானே என்பார்கள்! பெல்கிரேடில் இருந்துகொண்டு அந்த ஒரு வாரத்துக்கு முன் அதைச் சொல்ல எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும்?

பிறகு அவர் நாடோடியானார். மனைவியை மறுபடி பார்க்க இரண்டு ஆண்டுக்கு மேல் ஆயிற்று. கிரீஸில் பயிற்சியாளர் வேலை. 1994-லிருந்து 2002 வரை ஆஸ்திரியாவில் கிராட்ஸ் நகரத்து ஸ்டூர்ம் கிளப். அந்தச் சாதாரண கிளப் 1998-லும் 1999-லும் ஆஸ்திரிய சாம்பியன் ஆயிற்று. 2003-ல் ஜப்பான். அங்கே அவர் ஏற்ற ஜெப் யுனைடெட் கிளப்பும் ஒரு ரயில்வே நிறுவனமும் ஒரு மின்கம்பித் தொழிற்சாலையும் சேர்ந்து ஏற்படுத்தியது. ரயில் பாதை அவரை விடவில்லை போலும்! 2005-ல் அதற்குக் கோப்பை வாங்கிக் கொடுத்தார். மறு ஆண்டு ஜப்பான் தேசிய டீமையே அவரிடம் ஒப்படைத்தார்கள். 2007 நவம்பரில் மூளையில் ரத்த அடைப்பு வந்து விழுந்தார். பிழைத்தார். பயிற்சியாளர் வேலை அத்தோடு முடிந்தது.

சரயேவோவின் முற்றுகை 1425 நாள் நீடித்தது. 2012-ல் அந்நகரத்தார் மாண்டவர்களின் நினைவாகத் தெருவிலே 11541 சிவப்பு நாற்காலிகளைக் காலியாக வரிசைப்படுத்தி வைத்தார்கள். கிர்பாவிட்சா மைதானம் போர்முனையிலேயே சிக்கி எரிந்து போயிருந்தது. யுத்தம் நின்றபின் 1996 மே மாதம் அங்கே மறுபடியும் பந்து உருண்டது. ஆனால் நாட்டில் ஒரு லீக் இல்லை, மூன்று லீக்! போஸ்னியாக் முஸ்லிம்களுக்கு ஒன்று, குரோஷியருக்கு ஒன்று, செர்பியருக்கு ஒன்று. 2002-ல்தான் மூன்றும் ஒன்றாயின. ரயில்வேக்காரர் கிளப்பை 2001-லும் 2002-லும் சாம்பியன் ஆக்கியவர் ஓசிமின் மகன் அமர் ஓசிம்.

லீக் ஒன்றானது, நாற்காலி ஒன்றாகவில்லை. கால்பந்து சம்மேளனத்துக்கு மூன்று இனத்துக்கு மூன்று தலைவர்கள், முறை வைத்துக்கொண்டு. ஒரே தலைவர் வேண்டும் என்று சர்வதேச சம்மேளனம் சொல்லிப் பார்த்தது. கேட்கவில்லை. 2011 ஏப்ரல் 1-ந் தேதி பாஸ்னியாவை விலக்கிவைத்தார்கள். இளம் ஆட்டக்காரர்களின் வாழ்வே பாழாகும் நிலை. அப்போது யாரைத் தேடிப் போனார்கள்? பக்கவாதம் கண்டு தள்ளாடி நடக்கிற எழுபது வயதுக்காரரை. மூன்று தரப்பும் மறுக்க முடியாத ஆள் அந்நாட்டில் அவர் ஒருவர்தான். ஓசிம் மூன்று தரப்புத் தலைவர்களிடமும் பேசினார். இரண்டு மாதம் போலத்தான் ஆயிற்று. புது விதிமுறை நிறைவேறி, தடை நீங்கியது.

இரண்டரை வருஷத்தில், 2013 அக்டோபர் 15-ந் தேதி, லிதுவேனியாவில் 1-0 என்று ஜெயித்து பாஸ்னியா முதல் தடவையாக உலகக் கோப்பைக்குத் தகுதி பெற்றது. பயிற்சியாளர் சுஷிச், 1990-ல் ஓசிமின் டீமில் ஆடிய அதே சுஷிச். அன்றிரவு கிழவர் ஓசிம் அழுததை அந்நாட்டு ஜனங்கள் டெலிவிஷனில் பார்த்தார்கள்.

2022-ல் கிராட்ஸ் நகரத்தில் அவர் இறந்தார். தேதி, மே 1. உடலைச் சரயேவோவுக்குக் கொண்டுவந்து அடக்கம் செய்தார்கள். கோப்பைக் கணக்கைப் பார்த்தால், அவருடைய ரயில்வேக்காரர் கிளப்புக்குப் பயிற்சியாளராக அவர் வாங்கிக் கொடுத்த பெரிய கோப்பை ஒன்றுமில்லை.