மாதத் தவணை முழு விலை அல்ல



புதுவீட்டு ஜெபக்கூட்டத்தில் "மோட்கேஜ் மாதம் எவ்வளவு?" என்று கேட்கிறோம். "முடியும்போது மொத்தம் எவ்வளவு?" என்று யாரும் கேட்பதில்லை.

இங்கே கனடாவில் 5 இலட்சம் டொலர் கடனை 5 சதவீத வட்டியில் 25 வருடம் கட்டினால், மாதம் சுமார் 2,908 டொலர். முதல் மாதம் அசலில் குறைவது சுமார் 846 டொலர்தான், மீதி வட்டி. அதையே 30 வருடமாக்கினால் மாதம் சுமார் 240 டொலர் குறையும். ஆனால், வட்டி வீதம் மாறாவிட்டாலும், முடிவில் சுமார் 88,000 டொலர் அதிக வட்டி கட்டியிருப்போம்.

அந்தப் பணம் எங்கிருந்து வரும்? அப்பாவின் இரண்டாவது வேலையிலிருந்து, அம்மாவின் இரவு ஷிப்டிலிருந்து, தவறிப்போகும் ஞாயிறு ஆராதனைகளிலிருந்து.

வீடு வாங்குவது பாவமல்ல. ஆனால் கோபுரம் கட்டுகிறவன் முதலில் உட்கார்ந்து செலவைக் கணக்குப் பார்க்கவேண்டும் என்று ஆண்டவர் சொன்னது (லூக்கா 14:28) நமக்கும்தான். வங்கி தரச் சம்மதிக்கும் தொகை வேறு, நமக்குத் தேவையான தொகை வேறு.

பல வீடுகளில் ஆங்கிலப் பத்திரங்களைப் பெற்றோருக்கு வாசித்துச் சொல்வது நீங்கள்தான். கையெழுத்துக்கு முன் மொத்தத் தொகையையும் கணக்கிட்டுச் சொல்லுங்கள். பிறகு குடும்பமாக ஜெபித்து முடிவெடுங்கள்.