முதல் டிராஃப்ட்டுக்கு யார் செலவு செய்வது? அமெரிக்க நாடக அமைப்புகள் சந்திக்கும் கேள்வி

ஒரு நாடகத்தை எழுத ஒரு ஆள் போதும். ஆனா, அது சரியா வந்திருக்கான்னு தெரியணும்னா நடிகர்கள் வேணும், இயக்குநர் வேணும், முன்னாடி உட்கார்ந்து பார்க்க நாலு பேர் வேணும். பெயர் தெரியாத புது எழுத்தாளருக்கு இதையெல்லாம் யார் ஏற்பாடு செய்வது? அமெரிக்காவில் பெரும்பாலும் லாப நோக்கமற்ற நாடக அமைப்புகள்தான்.

எப்படி நடக்கிறது?

கனெக்டிகட் மாநிலத்தில் 1964-ல் தொடங்கப்பட்டது யூஜின் ஓ'நீல் நாடக மையம். தேர்வாகும் எழுத்தாளர்கள் கோடையில் அங்கு தங்கி வேலை செய்வார்கள். நடிகர்கள் ஸ்கிரிப்ட்டைக் கையில் வைத்தபடியே பார்வையாளர்கள் முன் நடிப்பார்கள். எந்தக் காட்சி இழுக்குது, எந்த வசனம் ஒட்டலைன்னு அங்கேயே தெரிஞ்சிடும். எழுத்தாளர் திருத்தி எழுதுவார்.

ஆகஸ்ட் வில்சன் இங்கு அனுப்பிய ஆரம்ப நாடகங்கள் நிராகரிக்கப்பட்டன. 'மா ரெய்னிஸ் பிளாக் பாட்டம்' 1982-ல் தேர்வானது. 1984-ல் பிராட்வே மேடை ஏறியது. பிறகு இரண்டு முறை புலிட்சர் பரிசு வென்றார் வில்சன்.

நியூயார்க்கின் 'நியூ டிராமடிஸ்ட்ஸ்' இன்னும் பொறுமையானது. 1949-ல் தொடங்கிய இந்த அமைப்பு, எழுத்தாளர்களுக்கு 7 ஆண்டுகள் கட்டணமின்றி இடமும் ஆதரவும் தருகிறது.

சிக்கல் எங்கே?

வாசிப்பு நடத்த முன்வரும் அரங்குகள், முழுத் தயாரிப்புன்னு வந்ததும் தயங்குகின்றன. புதுப் பெயருக்கு டிக்கெட் விற்குமா என்ற பயம்தான். இதனால் சில நாடகங்கள் வாசிப்பு, திருத்தம், மறுபடியும் வாசிப்பு என்றே சுற்றுகின்றன.

பண நெருக்கடியும் சேர்ந்துகொண்டது. புதிய நாடகங்களை வளர்த்த நியூயார்க்கின் 'லார்க்' 2021-ல் மூடப்பட்டது. லூயிவில் நகரில் 1976-ல் தொடங்கிய, பின்னர் ஹுமானா விழா என்று பெயர் பெற்ற புதிய நாடக விழா 2021-க்குப் பிறகு நடக்கவில்லை. 2025 மே மாதம், கலை அமைப்புகள் பலவற்றுக்கான மத்திய அரசு மானியங்கள் ரத்தாயின.

நம்ம ஆபீஸ் பாஷையில் சொன்னா, இது ஆர் அண்ட் டி பட்ஜெட். வருமானம் உடனே தெரியாது. அதனால் முதலில் கத்தி விழுவதும் இதில்தான். இன்று வெட்டினால் இந்த சீசன் டிக்கெட் விற்பனை குறையாது. பத்து வருஷம் கழித்து மேடையேற்ற புது நாடகம் இருக்காது.

முதல் முயற்சியே ஹிட் ஆகணும்னு கேட்டிருந்தால், வில்சனே நமக்குக் கிடைத்திருக்க மாட்டார். தோற்றுத் திருத்திக்கொள்ள அவகாசம் தரும் இந்த இடங்களுக்கு ஒதுக்கும் நிதியைக் கடைசியாகத்தான் குறைக்க வேண்டும்.