திட்டிய பாட்டுக்கே ஆட்டம்

பொத்தேரி இரயில் நிலையத்தை ஒட்டிய தெருக்களில், கல்லூரி மாணவர்கள் நான்கைந்து பேராகச் சேர்ந்து வாடகைக்கு எடுத்த வீடுகள் ஏராளம். சென்ற மாதம் ஒரு சனிக்கிழமை இஷாத் தொழுகை முடித்துத் திரும்புகையில், அத்தகைய ஒரு வீட்டின் மொட்டைமாடியில் 'கிளப்புல மப்புல' பாடல் உரக்க ஒலித்தது. ஆடிக்கொண்டிருந்த இளைஞர்களின் கைகளில் இருந்தவை குளிர்பானப் புட்டிகள் அல்ல. குடித்துக் கூத்தாடுவதைப் பழிக்கும் பாடலே குடி விருந்துக்குத் தாளமாகியிருந்தது!

கோவை ஆதியும் ஜீவாவும் இணைந்த 'ஹிப்ஹாப் தமிழா' குழுவை 2011இல் ஊரறியச் செய்தது இப்பாடல்தான். அடுத்த ஆண்டே தனி இசைத்தொகுப்பு வந்தது. 2015இல் 'ஆம்பள' படத்தின் மூலம் திரை இசையமைப்பாளர்களானார்கள். 2017இல் 'மீசைய முறுக்கு' படத்தை ஆதியே இயக்கி நடித்தார். (படப் பெயர்களைச் சற்றுக் கவனியுங்கள்.) மலேசியாவின் யோகி பி போன்றோர் முன்பே தமிழில் ராப் பாடியிருந்தாலும், நம் தெருக்கள் வரை அதைக் கொண்டு சேர்த்தவர்கள் இவர்களே. உழைப்பால் உயர்ந்தவர்கள் என்பதில் எனக்கு ஐயமில்லை. இசை கூடுமா கூடாதா என்னும் மார்க்க விவாதத்திற்கும் இப்போது நான் வரவில்லை.

என் கேள்வி வேறு. கண்டிக்கும் பாட்டுக்குக் கூச்சமின்றி ஆட எப்படி முடிகிறது? விடை எளிது. அப்பாடல் கண்டிப்பது, மது விடுதிக்குச் செல்லும் பெண்களை. பண்பாடு கெட்டுவிட்டது என்னும் புலம்பல் முழுவதும் அவர்கள் மீதே விழுகிறது. அருகில் அமர்ந்து குடிக்கும் ஆண் அதில் குற்றவாளி அல்லன். ஆகவே அவன் நிம்மதியாக ஆடலாம்.

இதைக் கேட்டு நம்மில் பலர் அன்று, "சரியாகத்தானே பாடியிருக்கிறார்கள்" என்று தலையாட்டினோம். நானும் ஆட்டினேன். ஆனால் நம் மார்க்கம் அப்படிப் பிரித்துப் பேசவில்லை. மதுவைத் தவிர்ந்துகொள்ளச் சொல்லும் அல்மாயிதா அத்தியாயத்தின் 90ஆம் வசனம், ஈமான் கொண்டோர் அனைவரையும் விளித்தே பேசுகிறது. பார்வையைத் தாழ்த்தும் கட்டளையோ, அந்நூர் அத்தியாயத்தில் முதலில் ஆண்களுக்கே வருகிறது. பெண்களுக்கானது அதற்கடுத்த வசனத்தில்தான். நாம் மட்டும் இரண்டாவது வசனத்தை வீட்டில் ஓயாமல் ஓதிவிட்டு முதலாவதை விட்டுவிடுகிறோம்.

எனக்குத் தெரிந்த ஒரு குடும்பம். மகன் பொத்தேரியில் அறை எடுத்துத் தங்கி மூன்றாம் ஆண்டு படிக்கிறான். மகள் அவனைவிட நல்ல மதிப்பெண் பெற்றவள். வெளியூரில் விடுதியில் தங்கிப் படிக்க ஆசைப்பட்டாள். "காலம் கெட்டுக் கிடக்கிறது" என்று வாப்பா மறுத்துவிட்டார். உள்ளூர்க் கல்லூரிக்குச் செல்லும் அவள் திரும்பிவரப் பத்து நிமிடம் தாமதமானால் உம்மாவின் அழைப்பு போய்விடும். மகனோ வாரம் ஒருமுறை, பணம் வேண்டும்போது பேசுகிறான். சுபுஹுக்கு எழுந்தாயா என்று அவனை யாரும் கேட்பதில்லை. அவன் தங்கியிருக்கும் அறையை இந்த மூன்றாண்டுகளில் வாப்பா ஒருமுறைகூடப் போய்ப் பார்த்ததில்லை.